கிராக்கோவ் நகரைச் சுற்றிப் பார்க்க முழுமையான வழிகாட்டி: எதை முன்பதிவு செய்வது, எந்த வரிசையில் நடப்பது

போலந்தின் தெற்கில், விஸ்துலா ஆற்றங்கரையில் உள்ள கிராக்கோவ் நகரின் பழைய பகுதியை ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு அரை மணி நேரத்தில் நடந்துவிடலாம். அதனாலேயே முதன்முறை செல்பவர்கள் திட்டம் எதுவும் தேவையில்லை என்று எண்ணிவிடுகிறார்கள். தெருக்களுக்கு அது பொருந்தும். கதவுகளுக்குப் பொருந்தாது. இங்குள்ள முக்கியமான இடங்களில் பெரும்பாலானவற்றுக்கு நேரம் குறித்த நுழைவுச்சீட்டும், தனக்கென ஒரு விடுமுறைக் கிழமையும், சிலவற்றுக்கு ஒருவழிப் பாதையும் உண்டு. எனவே இந்த வழிகாட்டி, புகழ்பெற்ற இடங்களின் பட்டியலாக அல்லாமல், செய்ய வேண்டியவற்றின் வரிசையாக அமைக்கப்பட்டுள்ளது. நான்கு முழு நாட்களை மனத்தில் வைத்து எழுதியிருக்கிறேன். மூன்று நாட்களே இருப்பவர்கள் நகருக்கு வெளியே உள்ள இரண்டு இடங்களில் ஒன்றை விட்டுவிடலாம்.

1. விமானச்சீட்டுக்கு முன் கிழமைகளைப் பாருங்கள்

திங்கட்கிழமை பல அருங்காட்சியகங்கள் மூடியிருக்கும். லியொனார்தோ டா வின்சியின் ‘கீரியுடன் சீமாட்டி’ ஓவியம் உள்ள சார்த்தோரிஸ்கி அருங்காட்சியகமும் அவற்றுள் ஒன்று. சனிக்கிழமை யூதர்களின் ஓய்வுநாள் என்பதால் பழைய யூதர் குடியிருப்பான காசிமியெஷ் பகுதியின் ரெமு தொழுகைக்கூடமும் அதன் கல்லறைத் தோட்டமும் திறக்கப்படா. வெள்ளிக்கிழமை மாலையிலேயே சீக்கிரம் மூடிவிடுவார்கள். ஞாயிற்றுக்கிழமை காலையில் தேவாலயங்களில் வழிபாடு நடப்பதால் பார்வையாளர்களுக்கு நண்பகலுக்குப் பிறகுதான் அனுமதி.

ஞாயிறன்று பெரிய கடைகளும் வணிக வளாகங்களும் பெரும்பாலான வாரங்களில் சட்டப்படி மூடியிருக்கும். உணவகங்கள் திறந்திருக்கும், சிறு கடைகள் சில திறந்திருக்கும். ஞாயிறு மாலை வந்திறங்குபவர்கள் குழந்தைக்குப் பால்மாவோ மருந்தோ வாங்கத் தேடி அலைவது இதனால்தான். மே 1, மே 3, நவம்பர் 1, நவம்பர் 11 ஆகிய நாட்கள் பொது விடுமுறை. அவை உங்கள் பயணத்துக்குள் வருகின்றனவா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

பருவம் பற்றி ஒரு சொல். டிசம்பரில் பிற்பகல் மூன்றே முக்கால் மணிக்குள் சூரியன் மறைந்துவிடும். ஜூனில் இரவு எட்டரை தாண்டியும் வெளிச்சம் இருக்கும். ஒரே திட்டம் இரண்டு மாதங்களுக்கும் பொருந்தாது. நகருக்குள் நிலக்கரியும் விறகும் எரிப்பதற்கு 2019 செப்டம்பர் முதல் தடை உள்ளது. இருந்தாலும் சுற்றுப்புற ஊர்களின் புகை குளிர்காலத்தில் நகரின் மேல் வந்து தேங்குவதுண்டு. மூச்சுத் தொல்லை உள்ளவர்கள் மே முதல் செப்டம்பர் வரையிலான மாதங்களைத் தேர்ந்தெடுப்பது நல்லது.

2. முன்பதிவை இந்த வரிசையில் செய்யுங்கள்

முதலில் நாஜிகளின் கொலை முகாமாக இருந்த அவுஷ்விட்ஸ், அடுத்து இரண்டாம் உலகப் போரின்போது தன் யூதத் தொழிலாளர்களைக் காப்பாற்றிய ஷிண்ட்லரின் தொழிற்சாலை (இன்று அருங்காட்சியகம்), மூன்றாவதாக வியெலிச்கா உப்புச் சுரங்கம், கடைசியாக வாவெல் கோட்டை. தீர்ந்துபோகும் வேகமே இந்த வரிசைக்குக் காரணம். அவுஷ்விட்ஸ் நினைவிடத்தின் ஆங்கில வழிகாட்டிச் சுற்றுகள் கோடையில் பல வாரங்களுக்கு முன்பே நிரம்பிவிடும். அதற்குக் கிடைக்கும் நாளை வைத்துத்தான் மற்ற நாட்களைப் பங்கிட வேண்டும். தலைகீழாகச் செய்பவர்கள் மூன்று சீட்டுகளை வாங்கி முடித்த பிறகு, நான்காவதற்கு நாள் இல்லாமல் முகவர்களிடம் பல மடங்கு விலை கொடுத்து வாங்க நேர்கிறது.

அவுஷ்விட்ஸ் சீட்டு பெயருக்கு வழங்கப்படுவது; வாசலில் அடையாள ஆவணத்துடன் ஒப்பிடுவார்கள். தமிழர்கள் இந்த இடத்தில் கூடுதல் கவனம் கொள்ள வேண்டும். அன்றாடம் இனிஷியலுடன் எழுதும் பெயரை இங்கே இடக்கூடாது. கடவுச்சீட்டில் தகப்பனார் பெயர் குடும்பப் பெயராக விரித்து எழுதப்பட்டிருந்தால், அதே எழுத்துகளில், அதே வரிசையில் பதிவு செய்யுங்கள்.

எந்த இடமாக இருந்தாலும், அதன் சொந்த இணையதளத்தில்தான் சீட்டு வாங்க வேண்டும். தேடுபொறியில் முதலில் வருவது பெரும்பாலும் மறுவிற்பனைத் தளமாக இருக்கும்.

3. தங்குமிடம்

பழைய நகரைச் சுற்றி, இடிக்கப்பட்ட மதிலின் இடத்தில், பிளாந்தி என்ற பூங்கா வளையம் போல் ஓடுகிறது. அதன் வடகிழக்கு மூலைக்கு அருகில் கிராக்கோவ் முதன்மை ரயில் நிலையமும் பேருந்து நிலையமும் அடுத்தடுத்து இருக்கின்றன. குழந்தைகளுடனோ பெரியவர்களுடனோ வருபவர்கள் அந்த மூலையிலேயே தங்குவது எல்லாவற்றையும் எளிதாக்கும்: விமான நிலைய ரயில், வியெலிச்கா ரயில், அவுஷ்விட்ஸ் பேருந்து மூன்றும் அங்கிருந்தே புறப்படுகின்றன. இரவு உணவும் இசையும் விரும்புபவர்களுக்குக் காசிமியெஷ் பொருந்தும். ஆனால் அங்கே வார இறுதியில் நள்ளிரவு தாண்டியும் தெருவில் பேச்சொலி அடங்காது. மையச் சதுக்கத்தின் மீதே அறை எடுப்பதை நான் பரிந்துரைப்பதில்லை. விலையும் சத்தமும் கூடுதல், பெட்டியை இழுத்துச் செல்லக் கல் பாவிய தெருவும் இடைஞ்சல்.

4. வந்திறங்கிய முதல் இரண்டு மணி நேரம்

பலீட்சே விமான நிலையம் நகருக்கு மேற்கே சுமார் 11 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. அங்கிருந்து முதன்மை நிலையத்துக்கு ரயிலில் ஏறத்தாழ இருபது நிமிடம். ரயில் வரத் தாமதமானால் நகரப் பேருந்து உண்டு. விமான நிலையம் நகர எல்லைக்கு வெளியே உள்ள கட்டண மண்டலத்தில் இருப்பதால், நகருக்குள் மட்டும் செல்லும் சீட்டு அந்தப் பேருந்தில் செல்லாது என்பதை நினைவில் வையுங்கள்.

டிராமிலும் பேருந்திலும் சீட்டு என்பது நேரத்துக்கு உரியது, தூரத்துக்கு அல்ல. வாங்கிய காகிதச் சீட்டை வண்டியில் ஏறியவுடன் சிறு இயந்திரத்தில் நுழைத்து நேரம் பதிக்க வேண்டும். பதிக்காத சீட்டு, சீட்டே இல்லாததற்குச் சமம். பரிசோதகர்கள் சாதாரண உடையில் வருவார்கள். வாங்கினேன், பதிக்க மறந்தேன் என்பதை அபராதம் தவிர்க்கும் காரணமாக ஏற்பதில்லை.

போலந்தின் நாணயம் ஸ்வாட்டி, யூரோ அல்ல. ஏறக்குறைய எல்லா இடங்களிலும் அட்டையில் செலுத்தலாம். ஆனாலும் கழிப்பறைக்கும் சிறு வண்டிக் கடைகளுக்கும் கொஞ்சம் சில்லறை வேண்டும். பணம் மாற்றும் கடையைக் ‘கந்தோர்’ என்பார்கள். ரூபாயை நம்பி வராதீர்கள். யூரோவோ டாலரோ கொண்டு வாருங்கள். பலகையில் இரண்டு விலைகள் இருக்கும்: ‘குப்னோ’ என்பது கடைக்காரர் உங்கள் வெளிநாட்டுப் பணத்தை வாங்கும் விலை, ‘ஸ்பிஷெதாஷ்’ என்பது அவர் விற்கும் விலை. உங்களுக்குத் தேவை முதலாவது. சுற்றுலாப் பயணிகள் நடமாடும் தெருக்களில் சில கடைகள் இரண்டாவதை மட்டும் பெரிய எழுத்தில் வைத்திருக்கும். எனவே நோட்டை நீட்டும் முன், கைக்கு எத்தனை ஸ்வாட்டி வரும் என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

ஏடிஎம்மிலோ கடையின் அட்டை இயந்திரத்திலோ உங்கள் நாட்டு நாணயத்தில் கணக்கிடவா என்று திரை கேட்டால் மறுத்துவிடுங்கள். அந்த வசதிக்கான மாற்று விகிதம் உங்கள் வங்கி தருவதைவிட மோசமாகவே இருக்கும்.

5. முதல் நாள்: வடக்கிலிருந்து தெற்காக

பழைய நகரை வட முனையில் தொடங்கித் தெற்கே வாவெல் குன்றை நோக்கி நடப்பதே சரியான திசை. மன்னர்கள் நகருக்குள் நுழைந்த அரச வீதி இதுவே என்பது ஒரு காரணம். கதவுகள் திறக்கும் நேரங்களும் இந்தத் திசையிலேயே ஒன்றன்பின் ஒன்றாக அமைந்திருப்பது அதைவிட முக்கியமான காரணம்.

காலை ஒன்பதரைக்குப் பார்பிகன் என்ற வட்ட வடிவக் காவற்கோட்டையில் தொடங்குங்கள். 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் கட்டப்பட்ட செங்கல் கட்டடம் அது. வெளியிலிருந்து பார்த்தாலே போதும். எதிரே உள்ள ஃப்ளோரியான் வாயிலைக் கடந்ததும் வலப்பக்கம் மதிலை ஒட்டிய தெருவில் சார்த்தோரிஸ்கி அருங்காட்சியகம் உள்ளது. திறந்தவுடன் உள்ளே சென்று, மற்ற அறைகளைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று வைத்து, நேராக லியொனார்தோவின் ஓவியத்திடம் செல்லுங்கள். அது இருண்ட அறையில் தனியாக மாட்டப்பட்ட, ஒரு முழத்தைவிடச் சற்றே உயரமான மரப்பலகை. எதிரே ஐந்து பேர் நின்றாலே பின்னால் இருப்பவருக்கு ஒன்றும் தெரியாது. ஆளில்லாத அந்த முதல் சில நிமிடங்களில் கீரியின் மார்பின் மேல் வளைந்திருக்கும் சீமாட்டியின் வலக்கையைக் கவனியுங்கள். விரல்கணுக்களின் எலும்பு வரை தெரியும்.

பதினொன்றேகாலுக்கு அங்கிருந்து புறப்பட்டு ஃப்ளோரியான்ஸ்கா தெரு வழியே புனித மரியாள் பேராலயத்துக்கு வாருங்கள். சதுக்கத்தைப் பார்த்த பெரிய வாசல் வழிபட வருபவர்களுக்கானது. பார்வையாளர்களுக்குப் பக்கவாட்டு வாசல். சீட்டு விற்பதோ ஆலயத்துக்கு எதிரே உள்ள தனிக் கட்டடத்தில். இந்த மூன்று இடங்களுக்கிடையே அலைவதில்தான் புதியவர்கள் இருபது நிமிடத்தை இழக்கிறார்கள்.

உள்ளே உள்ள மரச்சிற்பப் பலிபீடம், வைட் ஸ்டோஸ் என்ற நியூரம்பெர்க் சிற்பி 1477 முதல் 1489 வரை செதுக்கியது. சுமார் 13 மீட்டர் உயரம். இரவில் மடித்து மூடப்படும் அதன் கதவுகளை, ஞாயிறும் விழா நாட்களும் நீங்கலாக, நண்பகலுக்குப் பத்து நிமிடம் முன்பு திறப்பார்கள். திறக்கும் காட்சியைப் பார்க்க விரும்பினால் பதினொன்றரைக்கே உள்ளே போய் முன்வரிசையில் இடம் பிடியுங்கள். கூட்டம் பிடிக்காதவர்கள் ஒரு மணிக்கு மேல் வரலாம். பீடம் அதன் பிறகு மாலை வரை திறந்தேதான் இருக்கும்.

பீடம் திறந்த கையோடு பலர் எக்காள ஒலியைக் கேட்க வெளியே ஓடுகிறார்கள். அது தேவையற்ற ஓட்டம். ஆலயத்தின் உயர்ந்த கோபுரத்திலிருந்து ‘ஹேய்னாவ்’ என்ற அந்த இசை ஒவ்வொரு மணிக்கும், இரவிலும் கூட, நான்கு திசைகளை நோக்கியும் வாசிக்கப்படுகிறது. நண்பகலில் வாசிப்பது போலந்து வானொலியில் ஒலிபரப்பாகிறது என்பது மட்டுமே வேறுபாடு. ஒரு மணிக்குச் சதுக்கத்தில் நின்று நிதானமாகக் கேளுங்கள். இசை பாதியில் சட்டென அறுபடும். மங்கோலியர் படையெடுப்பின்போது காவலாளியின் தொண்டையில் அம்பு பாய்ந்ததன் நினைவு என்பார்கள், அது பழங்கதை.

பிற்பகலைச் சதுக்கத்துக்குக் கொடுங்கள். ரினெக் குவுவ்னி எனப்படும் இது 1257ஆம் ஆண்டு நகரத் திட்டத்தில் வகுக்கப்பட்டது; ஒரு பக்கம் சுமார் 200 மீட்டர். நடுவே உள்ள துணி மண்டபத்தின் தரைத்தளத்தில் நினைவுப்பொருள் கடைகள்; மாடியில் 19ஆம் நூற்றாண்டுப் போலந்து ஓவியக் கூடம். கூட்டம் கீழேயே நின்றுவிடுவதால் மாடி அமைதியாக இருக்கும், அதுவே அதிக மதிப்புள்ளதும் கூட. சதுக்கத்துக்கு அடியில், அகழாய்வில் வெளிப்பட்ட இடைக்காலத் தெருக்களை அப்படியே வைத்து 2010இல் திறந்த அருங்காட்சியகம் உள்ளது. மழை வந்தால் அதைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.

6. இரண்டாம் நாள் காலை: வாவெல் குன்று

இங்கே நடக்கும் பெரிய குழப்பம், ஒரே சீட்டில் எல்லாம் அடங்கும் என்று எண்ணுவது. கோட்டை அரசு அருங்காட்சியகம், அதே குன்றின் மேல் உள்ள பேராலயம் திருச்சபையுடையது. சீட்டு விற்கும் இடமும் விதிகளும் வேறு வேறு. கோட்டைக்குள்ளும் ஒவ்வொரு காட்சிக்கும் தனிச் சீட்டு, தனி நேரம். எல்லாவற்றையும் வாங்கினால் மூன்றாவதில் கால் ஓய்ந்துவிடும். அரச மண்டபங்கள் உள்ள ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்வது போதும் என்பது என் கருத்து. அதில் உள்ள தூதர்கள் மண்டபத்தின் கூரையை அண்ணாந்து பாருங்கள்: மரத்தில் செதுக்கிய மனிதத் தலைகள் கட்டம் கட்டமாகக் கீழே பார்த்துக்கொண்டிருக்கும். முன்பு 194 இருந்தவற்றில் 30தான் மிஞ்சியுள்ளன. அவற்றுள் ஒரு பெண்ணின் வாய் துணியால் கட்டப்பட்டிருக்கும்.

பேராலயத்தில் முதலில் சிகிஸ்மண்ட் கோபுரம் ஏறி 1520இல் வார்த்த பெரிய மணியைப் பாருங்கள். பின்னர் நிலவறையில் உள்ள அரச கல்லறைகளுக்கு இறங்குங்கள். ஏறும் மரப்படிகள் குறுகலானவை; குழுக்கள் வந்துவிட்டால் இறங்குபவர்களுக்கு வழிவிட்டு நிற்பதிலேயே நேரம் போகும். தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும்.

டிராகன் குகையை எப்போதும் கடைசியாக வையுங்கள். வெப்பப் பருவத்தில் மட்டும் திறக்கும் இந்தக் குகைக்குக் குன்றின் மேலிருந்து நூற்றுக்கு மேற்பட்ட படிகள் இறங்க வேண்டும். வெளியேறும் வழி ஆற்றங்கரையில் உள்ளது. முதலிலேயே இறங்கிவிட்டால் குன்றை மீண்டும் ஏற நேரும். வெளியே நிற்கும் உலோக டிராகன் சில நிமிடங்களுக்கு ஒருமுறை உண்மையான நெருப்பை உமிழும். குழந்தைகள் அங்கிருந்து நகர மாட்டார்கள் என்பதால் அடுத்த நிகழ்ச்சிக்கு முன் அரை மணி நேரம் இடைவெளி விடுங்கள்.

7. இரண்டாம் நாள் பிற்பகல்: காசிமியெஷ், ஆற்றைக் கடந்து பொத்குஷே

இந்த நடையின் திசையை மாற்றாதீர்கள். காசிமியெஷில் பல நூற்றாண்டுகள் வாழ்ந்த யூதர்கள் 1941 மார்ச்சில் ஆற்றின் தென்கரையில் உள்ள பொத்குஷேயில், ‘கெட்டோ’ எனப்படும் யூதர் அடைப்புப் பகுதிக்குள் தள்ளப்பட்டார்கள். 1943 மார்ச்சில் அந்தப் பகுதியும் அழித்தொழிக்கப்பட்டது. அதே வழியில் நடந்தால்தான் பார்ப்பவை ஒன்றோடொன்று பொருந்தும்.

ஷெரோக்கா தெருவில் ரெமு தொழுகைக்கூடத்தில் தொடங்குங்கள். ஆண்கள் தலையை மூட வேண்டும். அதன் கல்லறைத் தோட்டத்தின் தெருவோரச் சுவரை உட்புறமிருந்து பாருங்கள்: உடைந்த கல்லறைக் கற்களின் துண்டுகளைக் கொண்டே அது கட்டப்பட்டிருக்கிறது. பின்னர் பெர்னாத்தெக் நடைபாலத்தில் ஆற்றைக் கடந்து அடைப்புப் பகுதி வீரர்கள் சதுக்கத்தை அடையலாம். வெறுமையாக நிறுத்தப்பட்ட பெரிய உலோக நாற்காலிகள்தான் அங்கே நினைவுச்சின்னம். அவற்றில் கால்மேல் கால் போட்டுப் படம் எடுப்பவர்களைக் காணலாம், நீங்கள் செய்யாதீர்கள். மூலையில் உள்ள ‘கழுகு மருந்தகம்’, ததேயூஷ் பன்கியேவிச் என்ற போலந்துக்காரர் அடைப்புப் பகுதிக்குள் தொடர்ந்து நடத்திய மருந்துக்கடை. இன்று சிறு அருங்காட்சியகம்.

அங்கிருந்து கால் மணி நேர நடையில் ஷிண்ட்லர் தொழிற்சாலை. எதிர்பார்ப்பைச் சரிசெய்துகொண்டு செல்லுங்கள்: ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’ திரைப்படத்தை எண்ணிச் செல்பவர்கள் இயந்திரங்களைத் தேடி ஏமாறுகிறார்கள். உள்ளே இருப்பது 1939 முதல் 1945 வரை நாஜி ஆட்சியில் கிராக்கோவ் நகரம் வாழ்ந்த விதம் பற்றிய காட்சி. ஷிண்ட்லர் அதில் ஒரு பகுதி மட்டுமே. இரண்டு மணி நேரம் தேவை. அறைகள் குறுகலானவை, ஒருவழிப் பாதை, திரும்பிச் செல்ல முடியாது. ஆகவே சீட்டைப் பிற்பகல் மூன்று மணியை ஒட்டி வாங்குங்கள். காசிமியெஷில் நிற்கவும் நேரம் கிடைக்கும்.

8. மூன்றாம் நாள்: வியெலிச்கா உப்புச் சுரங்கம்

முதன்மை நிலையத்திலிருந்து ரயிலில் அரை மணி நேரத்துக்குள் சென்றுவிடலாம். வியெலிச்கா ரினெக் கோபால்னியா என்ற கடைசி நிலையத்தில் இறங்குங்கள். வியெலிச்கா என்று தொடங்கும் முந்தைய நிலையத்தில் இறங்கிவிடுவது வழக்கமான தவறு.

தொடக்கத்திலேயே ஏறக்குறைய 380 மரப்படிகள் இறங்க வேண்டும். முழுச் சுற்றில் சுமார் 800. முழங்கால் வலி உள்ள பெரியவர்களை அழைத்துச் செல்லும் முன் இதை யோசியுங்கள். திரும்பி வருவது மின்தூக்கியில். உள்ளே ஆண்டு முழுவதும் 17 அல்லது 18 பாகை வெப்பம், எனவே கோடையிலும் ஒரு மேற்சட்டை வேண்டும். வழிகாட்டி இல்லாமல் உள்ளே விடுவதில்லை. இரண்டு முதல் மூன்று மணி நேரம் ஆகும். தரையிலிருந்து 101 மீட்டர் ஆழத்தில் உள்ள புனித கிங்கா சிற்றாலயத்தில் தரை, பீடம், சுவர்ச் சிற்பங்கள், தொங்குவிளக்கின் படிகங்கள் அனைத்தும் உப்பு. அங்கே குழு சற்று நேரம் நிற்கும், படமெல்லாம் அப்போது எடுத்துக்கொள்ளுங்கள்.

9. நான்காம் நாள்: அவுஷ்விட்ஸ்-பிர்கெனாவ்

இதையும் உப்புச் சுரங்கத்தையும் ஒரே நாளில் காட்டும் சுற்றுலாக்கள் விற்கப்படுகின்றன. வேண்டாம். பேருந்தில் மட்டும் போக ஒன்றரை மணி நேரம் வரை, வர அதே அளவு, உள்ளே மூன்றரை மணி நேரம் என்ற கணக்கு ஒருபுறம் இருக்கட்டும். அங்கிருந்து வந்தபின் வேறொன்றைப் பார்க்க மனம் இராது.

பேருந்து நிலையத்திலிருந்து ஓஷ்வியென்சிம் (அவுஷ்விட்ஸின் போலந்துப் பெயர்) செல்லும் வண்டிகளில், நினைவிட வாசலில் நிற்பதைக் கேட்டு ஏறுங்கள். ஊர் ரயில் நிலையத்திலிருந்து நினைவிடம் சுமார் இரண்டு கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. குறித்த நேரத்துக்கு அரை மணி முன்பே சோதனை வரிசையில் நிற்க வேண்டும். 35×25×15 சென்டிமீட்டருக்கு மேற்பட்ட பை உள்ளே போகாது. சாதாரண முதுகுப்பையே இந்த அளவைத் தாண்டிவிடும், எனவே விடுதியிலேயே விட்டுவிடுங்கள். தலைமுடி வைக்கப்பட்டுள்ள அறையிலும் 11ஆம் கட்டடத்தின் நிலவறையிலும் படம் எடுக்கக் கூடாது. பதினான்கு வயதுக்குக் கீழ்ப்பட்டவர்களை அழைத்து வர வேண்டாம் என்று நினைவிடமே அறிவுறுத்துகிறது.

முதல் முகாமிலிருந்து இரண்டாம் முகாமான பிர்கெனாவுக்கு இலவசப் பேருந்து உண்டு. களைப்பில் பலர் அதைத் தவிர்த்துத் திரும்பிவிடுகிறார்கள். கொலைகளின் பெரும்பகுதி நடந்த இடம் பிர்கெனாவ்தான். அதன் பரப்பை நடந்து பார்க்காமல் இந்த நாள் முழுமை பெறாது. நிழலோ ஒதுங்கிடமோ குறைவு, தண்ணீரும் குடையும் இருக்கட்டும்.

10. உணவும் சில சிறு வழக்கங்களும்

சைவ உணவினருக்குக் கிராக்கோவ் கடினமான ஊர் அல்ல. கேட்டு வாங்கத் தெரிந்தால் போதும். உருளைக்கிழங்கும் பால்கட்டியும் வைத்த ‘பியெரோகி ருஸ்கியெ’ கொழுக்கட்டையில் இறைச்சி இல்லை. ஆனால் மேலே வறுத்த பன்றிக்கொழுப்புத் துணுக்குகளைத் தூவுவார்கள். ‘பெஸ் ஸ்க்வாரெக்’ என்று சொல்லிவிட்டால் தூவாமல் தருவார்கள். பீட்ரூட் சூப் பார்வைக்குச் சைவம், பல இடங்களில் இறைச்சிச் சாற்றில் செய்தது, கேளுங்கள். காசிமியெஷின் பிளாட்ஸ் நோவி சதுக்கத்து வட்டக் கட்டடத்தில் விற்கும் சாப்பியெகாங்கா, நீள ரொட்டியில் காளானும் பால்கட்டியும் வைத்துச் சுட்டது. இறைச்சி சேர்க்காத வகையே அதன் மூல வடிவம். தெருமுனை வண்டிகளில் விற்கும் ஒப்வஜானெக் என்ற முறுக்கிய வளைய ரொட்டியைக் காலையிலேயே வாங்குங்கள், மாலைக்குள் விறைத்துவிடும்.

மலிவாகச் சாப்பிட ‘பார் மிலெச்னி’ என்ற பால் உணவகங்கள் உள்ளன. முதலில் பணம் செலுத்தும் இடத்தில் சொல்லிச் சீட்டு வாங்கி, அதைச் சமையலறை ஜன்னலில் கொடுத்து, தட்டைப் பெற்று, உண்டபின் தட்டை நீங்களே திருப்பி வைக்க வேண்டும். மேசையில் அமர்ந்து காத்திருந்தால் யாரும் வர மாட்டார்கள். மாலையில் சீக்கிரம் மூடிவிடுவதால் மதிய உணவுக்கே பொருந்தும்.

உணவகத்தில் பணத்தை நீட்டும்போது ‘ஜென்குயெ’ என்று நன்றி சொன்னால் மீதியை வைத்துக்கொள்ளச் சொன்னதாகப் புரிந்துகொள்வார்கள். சில்லறை கைக்கு வந்தபின் சொல்லுங்கள். கழிப்பறைக் கதவில் வட்டம் பெண்களுக்கு, முக்கோணம் ஆண்களுக்கு. சிவப்பு விளக்கில் சாலையைக் கடப்பதற்கும் தெருவில் மது அருந்துவதற்கும் காவலர் அபராதம் விதிப்பார்கள். குழாய்த் தண்ணீர் குடிக்கத் தக்கது. சதுக்கத்தில் நிற்கும் மின்சாரச் சுற்றுலா வண்டிகளில் ஏறும் முன், விலை வண்டிக்கா, ஆளுக்கா, எத்தனை நிமிடத்துக்கு என்ற மூன்றையும் கேட்டு, எழுதிக் காட்டச் சொல்லுங்கள்.